கையும் கால்நடையும்: தொடு உணர்வு பற்றி ஓர் இறையியல் நோக்கு

மனிதனுக்கும் விலங்குக்கும் இடையேயுள்ள உறவைக் குறித்து இறையியலார் எழுதும்பொழுது, ஆதியாகமம் முதல் அதிகாரத்தில் வரும் ஆளுகை என்னும் சொல்லிலேயே பெரும்பாலும் நின்றுவிடுகின்றனர். இயற்கையின் சீர்குலைவுக்கு மேலைக் கிறிஸ்தவத்தின் படைப்புக் கொள்கை பெரும் பொறுப்பேற்க வேண்டும் என்று லின் ஒயிட் என்னும் அமெரிக்க வரலாற்றாசிரியர் 1967ஆம் ஆண்டில் எழுதியது முதல் இந்த விவாதம் ஓய்ந்தபாடில்லை. ஆளுகை என்பது அடக்கியாளுதலா, கண்காணிப்பா, பொறுப்பாண்மையா என்று பக்கம் பக்கமாக எழுதப்பட்டுவிட்டது. அவ்விவாதத்தில் புதிதாகச் சேர்ப்பதற்கு நம்மிடம் ஒன்றுமில்லை. எனினும் ஒன்றைக் கேட்கலாம்: ஆளுகிற அந்தக் கை, ஆளப்படுகிற உயிரை எப்பொழுதாவது தொட்டதுண்டா?

இவ்வினா அற்பமானதன்று. திருமறையில் விலங்குகளைப் பற்றிப் பேசும் பகுதிகளுள் பல, அவற்றைத் தொட்டும் தூக்கியும் கறந்தும் பழகியவர்களிடமிருந்து வந்தவை. இன்று இறையியல் கல்லூரிக்கு வரும் மாணவருள் பலர் ஆட்டின் காதைக்கூடப் பிடித்துப் பார்த்ததில்லை. இதை அவர்கள் குற்றமாகச் சொல்லவில்லை. நகரம் அவ்வாறு வளர்ந்துவிட்டது. ஆயினும் மேய்ப்பனைக் குறித்து அவர்கள் ஆற்றும் அருளுரைகளில் ஆடு ஓர் உவமைப் பொருளாக மட்டுமே நிற்கிறது; அதன் உடற்சூடு அங்கே இல்லை. இக்கட்டுரையில் தொடு உணர்வைக் குறித்து உடலியல் கூறுவதை முதலில் சுருக்கமாகக் கண்டு, பின்னர் திருமறையின் சில பகுதிகளை அந்த வெளிச்சத்தில் வாசிக்க முற்படுவோம்.

புலன்கள் ஐந்தனுள் தொடு உணர்வுக்கு ஒரு தனித்தன்மை உண்டு. மறைந்து நின்று ஒருவரைக் காணலாம். அவர் அறியாமலே அவர் பேச்சைக் கேட்கலாம். தொடப்படாமல் தொடுவதற்கு மட்டும் வழியில்லை. மாட்டின் கழுத்தில் கை வைத்த கணத்திலேயே மாடும் அந்தக் கையை அறிந்துகொள்கிறது. அறிகிறவனும் அறியப்படுகிறவனும் அங்கே இடம் மாறிக்கொண்டேயிருக்கின்றனர். மற்றப் புலன்களில் மனிதன் பல விலங்குகளுக்குப் பிற்பட்டவன், தொடு உணர்வில் மட்டும் முற்பட்டவன் என்று அரிஸ்டாட்டில் கருதினார். இவ்வுணர்வின்றி எந்த விலங்கும் உயிர்வாழ இயலாது என்பதும் அவர் கொள்கை. உயிர்களை அறிவின் எண்ணிக்கையால் ஒன்று முதல் ஆறு வரை வகுத்த தொல்காப்பியரும் முதலறிவாக வைத்தது உற்றறிதலையே. புல்லுக்கும் மரத்துக்கும் அது உண்டு, மனிதனுக்கும் உண்டு. வெவ்வேறு நாட்டாராகிய இவ்விருவரும் விலங்குகள் அனைத்துக்கும் பொதுவான அடித்தளமாகத் தொடு உணர்வைக் கண்டது நாம் மனங்கொள்ளத்தக்கது. (மெய் என்னும் சொல் உடலையும் குறிக்கும், உண்மையையும் குறிக்கும் என்று சொல்லி இங்கே ஓர் அருளுரையைத் தொடங்கிவிடலாம். அது பலமுறை ஆற்றப்பட்டுவிட்டதால் விட்டுவிடுகிறோம்.)

தோல் அறிவது

1939ஆம் ஆண்டில் இங்வே ஸாட்டர்மன் என்னும் சுவீடன் நாட்டு உடலியல் அறிஞர், பூனையின் நரம்புகளை ஆராய்கையில், மிக மெல்லிய நரம்பிழைகள் சில மென்மையான வருடலுக்கு விடையளிப்பதைக் கண்டார். வலியையும் வெப்பத்தையும் உணர்த்துவனவாகவே அறியப்பட்ட வகையைச் சேர்ந்த இழைகள் அவை. செய்தியை மெதுவாகவே கொண்டுசெல்பவை. விலங்குகளில் மட்டுமே எஞ்சியுள்ள பழமைச் சின்னம் இது, மனிதன் இதை இழந்துவிட்டான் என்றே நெடுங்காலம் எண்ணப்பட்டது. அந்த எண்ணம் நிலைக்கவில்லை. இத்தகைய இழைகள் மனிதனின் முகத்திலும் முன்கையிலும் இருப்பதைச் சுவீடன் ஆய்வாளர்களே பின்னர்க் கண்டறிந்தனர். நொடிக்கு ஒன்று முதல் பத்து சென்டிமீட்டர் வரையிலான வேகத்தில் வருடும்பொழுதே இவை மிகுதியாகத் தூண்டப்படுகின்றன என்பது 2009ஆம் ஆண்டில் வெளிவந்த ஆய்வு. அதைவிட விரைந்தாலும் அவை சோர்கின்றன; அதைவிடத் தாமதித்தாலும் சோர்கின்றன. தொடும் பொருள் ஏறக்குறைய 32 பாகை செல்சியஸ், அதாவது தோலின் இயல்பான வெப்பநிலையில் இருக்கையில் அவை நன்கு விடையளிக்கின்றன. தாய் தன் குழந்தையை நீவிவிடும் வேகமும், உழவர் எருதின் முதுகை நீவிவிடும் வேகமும் எவரும் அளந்து கற்பித்தவை அல்ல. கை தானாகவே அறிந்துவைத்திருக்கிற வேகம் அது.

இவ்விழைகள் மயிருள்ள தோலில் மிகுந்தும், உள்ளங்கையில் மிக அரிதாகவும் காணப்படுகின்றன. உள்ளங்கையில் மிகுந்திருப்பவை வேறு வகை உணர்கருவிகள்: பொருளின் வடிவையும் விளிம்பையும் அதிர்வையும் நுட்பமாக அறிபவை. எனவே பசுவை நாம் தடவும்பொழுது பசு பெறுவதும் நாம் பெறுவதும் ஒன்றல்ல. நம் உள்ளங்கை ஆராய்கிறது. அதன் கழுத்து ஆறுதல் பெறுகிறது. பசு தன் நாவினால் நம் முன்கையை நக்கும்பொழுது இந்நிலை மாறிவிடுகிறது. தொடு உணர்வின் அடிப்படையாகிய மூலக்கூறுகளைக் கண்டறிந்த ஆர்டெம் பட்டபூட்டியனுக்கும், வெப்ப உணர்வை ஆராய்ந்த டேவிட் ஜூலியஸுக்கும் 2021ஆம் ஆண்டு நோபல் பரிசு வழங்கப்பட்டதை வாசகர் நினைவுகூரலாம். அழுத்தத்தை மின்குறியாக மாற்றும் அந்தப் புரதங்கள் எலிக்கும் நமக்கும் பொதுவானவை.

எலியிடம் நாம் பட்டுள்ள கடன் சிறிதன்று. தாயிடமிருந்து பிரிக்கப்பட்ட எலிக்குஞ்சுகளின் வளர்ச்சிச் சுரப்பு குன்றுகிறது என்பதையும், தாயின் நாவைப்போல் ஈரத்தூரிகையால் வருடினால் அது மீள்கிறது என்பதையும் சால் ஷான்பெர்க் என்னும் அமெரிக்க அறிஞர் கண்டார். அவரும் டிஃபனி ஃபீல்டும் மற்றவரும் குறைமாதக் குழந்தைகள் 40 பேரிடம் நடத்திய ஆய்வு 1986ஆம் ஆண்டில் வெளியாயிற்று. நாள்தோறும் மூன்று வேளை, வேளைக்குப் பதினைந்து நிமிடம் என்று பத்து நாட்கள் தடவப்பட்ட குழந்தைகள், தடவப்படாதவற்றைவிட நாளொன்றுக்கு 47 விழுக்காடு மிகுதியாக எடை கூடின. அதுவரை, தொற்றும் அதிர்ச்சியும் அஞ்சி, அத்தகைய குழந்தைகளைக் கூடியவரை தொடாமல் வைப்பதே நலம் என்று கருதப்பட்டது. குட்டியை நக்கும் எலி நம் மருத்துவமனைகளுக்குப் பாடம் கற்பித்தது எனலாம்.

எங்கே தொடுவது என்பதும் ஒரு கேள்வியே. 1993ஆம் ஆண்டில் பிரான்சு நாட்டுக் காமார்க் குதிரைகளிடம் செய்த ஆய்வில், குதிரைகள் ஒன்றையொன்று பல்லால் நீவிக்கொள்ளும் இடமாகிய கழுத்தின் அடிப்பகுதியில் மனிதன் சொறிந்துவிட்டபொழுது அவற்றின் இதயத்துடிப்புத் தணிந்தது. வேறோர் இடத்தில் சொறிந்தபொழுது தணியவில்லை. 2008ஆம் ஆண்டில் ஆஸ்திரிய ஆய்வாளர்கள் கறவைப் பசுக்களிடமும் இவ்வாறே கண்டனர்: பசுக்கள் தம்முள் நக்கிக்கொள்ளும் கழுத்தின் கீழ்ப்புறத்தைத் தடவியபொழுது அவை கழுத்தை நீட்டிக் கொடுத்தன, பின்னர் மனிதரை அணுகவும் தயங்கவில்லை. விலங்கின் உடல்மேல் விலங்கே எழுதிவைத்த முறையைக் கற்றுக்கொண்ட கைக்குத்தான் அது இடங்கொடுக்கிறது. 2023ஆம் ஆண்டு பிப்ரவரி 14ஆம் நாளைப் பசுவை அணைத்துக்கொள்ளும் நாளாகக் கடைப்பிடிக்குமாறு இந்திய விலங்கு நல வாரியம் வேண்டுகோள் விடுத்து, சில நாட்களுக்குள் அதைத் திரும்பப் பெற்றுக்கொண்டது. பசுவின் விருப்பத்தை எவரும் கேட்டதாகத் தெரியவில்லை. அறிமுகமில்லாதவர் திடீரெனக் கழுத்தைக் கட்டினால் அது என்ன செய்யும் என்பதை எந்தக் கறவைக்காரரும் சொல்லியிருப்பார்.

மடியும் தோலும்

கறவையை எடுத்துக்கொள்வோம். காம்பில் கை பட்டதும் அந்த உணர்வு நரம்பு வழியாக மூளைக்குச் செல்கிறது. மூளையின் அடிப்புறச் சுரப்பியிலிருந்து ஆக்ஸிடோசின் என்னும் சுரப்புநீர் இரத்தத்தில் கலந்து மடியை அடைகிறது. பால் சுமந்த நுண்ணறைகள் சுருங்கிப் பால் இறங்குகிறது. கை பாலைப் பிழிந்து எடுப்பதாக நாம் நினைக்கிறோம். உண்மையில் கை கேட்கிறது, பசு கொடுக்கிறது. 1941ஆம் ஆண்டில் அமெரிக்காவின் மினசோட்டாப் பல்கலைக்கழகத்தில் ஈலி, பீட்டர்சன் என்னும் இருவர் இதைச் சற்று விந்தையான முறையில் மெய்ப்பித்தனர். கறக்கும் நேரத்தில் பசுவின் முதுகில் பூனையை ஏற்றியும், காகிதப் பைகளை ஊதி உடைத்தும் அதை அச்சுறுத்தினர், பால் இறங்கவில்லை. மடி நிறையப் பால் இருந்தும் அச்சம் அதைப் பூட்டிவிட்டது. கிராமத்தில் பசு பாலை மறைத்துக்கொள்கிறது என்று சொல்வது இதைத்தான். புதிய கை, கடுங்குரல், அடித்த நினைவு ஆகிய எதுவும் இதற்குக் காரணமாகலாம்.

கன்று இறந்துவிட்டாலும் பசு பாலை மறைக்கும். அப்பொழுது நம் ஊர்களில் ஒரு வழக்கம் உண்டு. இறந்த கன்றின் தோலை உரித்து, அதனுள் வைக்கோலைத் திணித்து, பசுவின் முன்னே நிறுத்துவார்கள். பசு அதை மோந்து நக்கும்; பால் இறங்கும். இக்காட்சியைக் கண்ட எவரும் ஈசாக்கின் கூடாரத்தை நினையாமல் இருக்க இயலாது. ஆதியாகமம் 27ஆம் அதிகாரத்தில் கண்பார்வை மங்கிய தந்தை, மீதமுள்ள புலன்கள் அனைத்தாலும் தன் மகனைத் தேடுகிறார். செவி யாக்கோபு என்கிறது. கை ஏசா என்கிறது. வெள்ளாட்டுக் குட்டியின் தோல் அந்தக் கையை ஏமாற்றிவிடுகிறது; குரலைக் கேட்டு ஐயுற்ற முதியவர் இறுதியில் கையையே நம்புகிறார். ரெபெக்காளின் சூழ்ச்சியைக் குறித்து உரையாசிரியர்கள் நிறையப் பேசியுள்ளனர். ஆனால் அச்சூழ்ச்சி பலிப்பதற்கு வேண்டிய ஒன்றை அவர்கள் அவ்வளவாகக் கவனிப்பதில்லை: மகனுடைய கைக்கும் ஆட்டுக்குட்டியின் தோலுக்கும் இடையே வேறுபாடு காணமுடியாத அளவுக்கு நெருக்கமாக மனிதரும் மந்தையும் வாழ்ந்த ஒரு வீடு அது. பசுவும் ஈசாக்கும் ஏமாறுவது அறிவின்மையால் அன்று. அன்பு தேடுகிற இடத்தில் தோல் கிடைத்ததால்.

மடி என்னும் சொல் தமிழில் பசுவின் பால்மடியையும் குறிக்கும், தாயின் மடியையும் குறிக்கும். எபிரேயத்தில் இத்தகைய இரட்டைப் பொருள் இல்லை. ஆயினும் மார்பையும் மடியையும் ஒருங்கே குறிக்கும் ஹேக் என்னும் சொல்லைத் திருமறை ஆளும் முறை நோக்கத்தக்கது. தன் மருமகள் ரூத் பெற்ற குழந்தையை நகோமி கிடத்துவது தன் ஹேக்கில். 2 சாமுவேல் 12ஆம் அதிகாரத்தில் நாத்தான் சொல்லும் கதையில் ஏழையின் ஆட்டுக்குட்டி படுப்பதும் அவனுடைய ஹேக்கில். அவன் உண்ட அப்பத்திலும் குடித்த கிண்ணத்திலும் அதற்குப் பங்குண்டு. ஏசாயா 40ஆம் அதிகாரத்தில் ஆண்டவர் குட்டிகளைச் சுமப்பதும் அதே இடத்தில். நாத்தான் கதை தாவீதின் நெஞ்சைத் தைத்ததற்குக் காரணம் வெறும் நீதியுணர்வு மட்டும் அன்று என்று எண்ணுகிறோம். அவர் ஆடு மேய்த்தவர். மார்பில் துயிலும் குட்டியின் கனம் எத்தகையது என்பதை அவர் உடல் அறியும். சட்ட வாதமாக அச்செய்தி வந்திருந்தால் அரசர் வாதிட்டிருப்பார்.

ஓசியா 11ஆம் அதிகாரம் நான்காம் வசனத்தில் ஒரு பாடச் சிக்கல் உண்டு; எபிரேயம் பயிலும் மாணவர் இதை அறிவர். உயிர்க்குறிகள் இன்றி எழுதப்பட்ட மூலத்தில் ஒரு சொல்லை ஓல் என்று வாசித்தால் நுகம். ஊல் என்று வாசித்தால் பால்குடிக் குழந்தை. முதல் வாசிப்பில் இறைவன் தாடையை அழுத்தும் நுகத்தைத் தூக்கிவிட்டு எருதுக்குத் தீனி வைக்கும் உழவர். இரண்டாம் வாசிப்பில் குழந்தையைத் தூக்கிக் கன்னத்தோடு அணைத்துக்கொள்ளும் பெற்றோர். மரபாக வந்த வாசிப்பு நுகமே; அண்மைக் கால மொழிபெயர்ப்புகள் சில குழந்தையைத் தேர்ந்துள்ளன. அதிகாரத்தின் தொடக்கம் பிள்ளையைப் பற்றியதாகையால் பின்னதற்கும் வலுவான காரணம் உண்டு. நாம் மரபு வாசிப்பையே ஏற்கிறோம். குழந்தையை அணைக்கும் இறைவனை எவரும் எளிதில் கற்பனை செய்வர். மாலையில் வேலை முடிந்ததும் நுகத்தை எடுத்துவிட்டு, அது அழுத்திய இடத்தைத் தடவிக்கொடுத்து, குனிந்து தீனி வைக்கும் இறைவனைக் காண்பதற்கு உழவரின் கை வேண்டும். அந்தக் கை ஓசியாவுக்கு இருந்தது.

நீதிமொழிகள் 12ஆம் அதிகாரம் பத்தாம் வசனத்தையும் இத்துடன் வைத்து வாசிக்க வேண்டும். நீதிமான் தன் விலங்கின் உயிரைக் காப்பதாகவே நம் பழைய மொழிபெயர்ப்பு கொள்கிறது. எபிரேயத்திலுள்ள வினை யாதா, அதாவது அறிதல். அறியப்படுவது அதன் நெபெஷ். நெபெஷ் என்பது தொண்டை, மூச்சு, பசி, உயிர் என்றெல்லாம் விரியும் சொல். அறிந்தவன் காப்பான் என்பது உண்மையே. ஆயினும் அறிதல் முன்னே நிற்கிறது. இதே வினையும் இதே பெயரும் யாத்திராகமம் 23ஆம் அதிகாரம் ஒன்பதாம் வசனத்திலும் சேர்ந்து வருகின்றன. அங்கே அறியப்படுவது அந்நியனின் நெபெஷ். அதே அதிகாரத்தில்தான் பகைவனுடைய கழுதை சுமையின்கீழ் விழுந்து கிடந்தால் அவனோடு சேர்ந்து அதைத் தூக்கிவிடும் கட்டளையும், எருதுக்கும் கழுதைக்கும் ஓய்வு தரும் கட்டளையும் உள்ளன. விழுந்த கழுதையைத் தூக்க வேண்டுமானால் பகைவர் இருவரும் அதன் வயிற்றின்கீழ் கைகொடுத்தாக வேண்டும். ஒருவரையொருவர் தொட விரும்பாத இருவருக்கு இடையே அக்கழுதை நிற்கிறது.

தலைமேல் சாயும் கை

லேவியராகமம் முதல் அதிகாரத்தில், தகனபலி செலுத்துகிறவன் தான் கொண்டுவந்த விலங்கின் தலைமேல் கை வைக்கிறான். பின் அதைக் கொல்கிறான். கை வைத்தல் என்று நாம் மொழிபெயர்ப்பதற்கு மூலத்தில் உள்ள வினை ஸாமக். சாய்தல், பாரத்தை ஊன்றுதல் என்பதே அதன் பொருள். சிம்சோன் தூண்கள்மேல் சாய்வதற்கும், ஆமோஸ் 5ஆம் அதிகாரத்தில் களைத்து வந்தவன் வீட்டுச் சுவரில் கையூன்றுவதற்கும் இவ்வினையே வருகிறது. யூத ரபீமார் இதை அவ்வாறே விளங்கிக்கொண்டனர். முழு பலத்தோடும் சாய வேண்டும் என்றனர். திருவிழா நாளில் இவ்வாறு சாய்வது ஆகுமா, விலங்கின்மேல் பாரம் ஏற்றுவது வேலையாகிவிடாதா என்று ஹில்லேல், ஷம்மாய் ஆகியோர் பள்ளிகளுக்குள் வாதம் நடந்ததை மிஷ்னா காட்டுகிறது.

இச்சடங்கின் பொருள் யாது? பாவம் கையின் வழியாக விலங்கின்மேல் இறங்குகிறது என்பது நம் சபைகளில் பெருவழக்கான விளக்கம். ஆனால் பாவத்தை வெளிப்படையாக விலங்கின்மேல் சுமத்தும் சடங்கு லேவியராகமம் 16ஆம் அதிகாரத்தில் மட்டுமே உண்டு; அங்கே கைகள் இரண்டு, அந்த ஆடு கொல்லப்படுவதுமில்லை. ஆகவே ரோலன் தெ வோ, யாக்கோபு மில்க்ரம் போன்ற அறிஞர்கள், ஒரு கையை வைப்பது இது என்னுடையது, என் பெயரால் செலுத்தப்படுவது என்னும் சாட்சி என்கின்றனர். பறவைப்பலியில் கை வைத்தல் இல்லை. பறவை ஏற்கெனவே கைக்குள்தான் இருக்கிறது என்பது மில்க்ரம் காட்டும் காரணம். நாமும் இவ்விளக்கத்தின் பக்கமே சாய்கிறோம். ஆயினும் உரிமை என்னும் சொல் போதாது. பலிக்குரியவை வீட்டு விலங்குகளே. காட்டில் வேட்டையாடியது பலிபீடத்துக்கு ஏற்றதன்று. தான் வளர்த்ததன் தலைமேல், அதன் மூச்சு தன் மணிக்கட்டில் படும்படி, முழுப் பாரத்தோடும் சாய்ந்தபின் கத்தியை எடுப்பவன், தான் செய்வது இன்னதென்று அறியாமல் அதைச் செய்ய முடியாது. விலங்கும் அந்தக் கையை அறியும். தடவிய கையும் அதுவே.

ஆயர்களாகிய நமக்கு இதில் வேறொன்றும் உண்டு. எண்ணாகமம் 8ஆம் அதிகாரத்தில் இஸ்ரவேல் மக்கள் லேவியர்மேல் கைகளை வைக்கின்றனர். உடனே லேவியர் காளைகளின் தலைகள்மேல் கைகளை வைக்கின்றனர். இரண்டு இடத்திலும் ஸாமக். எண்ணாகமம் 27ஆம் அதிகாரத்தில் மோசே யோசுவாவின்மேல் கை வைப்பதும் அதே வினை. டேவிட் டாவுபே 1956ஆம் ஆண்டில் எழுதிய நூலில் இதை வேறுபடுத்திக் காட்டினார்: ஆசி கூறுகையில் கை மெல்ல வைக்கப்படுகிறது, அதற்கு வேறு வினைகள் உண்டு, பணிக்கு ஒப்புவிக்கையில் கை சாய்கிறது. குருப்பட்டத்தின்போது பேராயரும் குருமாரும் நம் தலைமேல் வைத்த கைகளின் கனம் நம்மில் பலருக்கு இன்னும் நினைவிருக்கும். அக்கனத்துக்கு ஒரு வரலாறு உண்டு. அது தொழுவத்திலிருந்தும் வருகிறது.

மாலை வரை

விலங்கைத் தொடுவதால் தீட்டு உண்டாகுமா? லேவியராகமம் 11ஆம் அதிகாரத்தை மேலோட்டமாகப் படிப்பவர், அசுத்தமான விலங்கைத் தொட்டாலே தீட்டு என்று எண்ணிவிடுவதுண்டு. அங்கே பேசப்படுவது செத்த உடலைத் தொடுதல். கழுதையும் ஒட்டகமும் உண்ணத்தகாதவை. ஆனால் இஸ்ரவேலர் அவற்றின்மேல் ஏறிச் சென்றனர், சுமை ஏற்றினர், கட்டி அவிழ்த்தனர். உயிருள்ள விலங்கைத் தொட்ட கைக்குத் தீட்டில்லை. உண்ணத்தக்க விலங்கு தானாகச் செத்தாலோ, அதன் உடலைத் தொட்டவருக்குத் தீட்டு உண்டு. எதுவரை? மாலை வரை. பொழுது சாய்ந்ததும் அது நீங்கிவிடுகிறது. அது செயலைச் சார்ந்தது, பிறப்பைச் சார்ந்ததன்று. தொட்டவருடைய பிள்ளைகளுக்கு அது செல்வதில்லை.

இதை நம் நாட்டில் வாசிக்கும்பொழுது நெஞ்சு கனக்கிறது. பசுவின் கழுத்தை நீவிய கை, அப்பசுவுக்குத் தீனி வைத்த மனிதரைத் தீண்டக்கூடாது என்று விலக்கியது. செத்த மாட்டை அகற்றும் வேலையை ஒரு சாரார்மேல் சுமத்தி, அதைச் செய்ததற்காகவே அவர்களைத் தலைமுறை தலைமுறையாகத் தீண்டத்தகாதவர் என்று ஒதுக்கியது. அதே மாட்டின் தோல் செருப்பாகவும் பறையாகவும் திரும்பி வந்தபொழுது எவருக்கும் தீட்டுத் தோன்றவில்லை. 1950ஆம் ஆண்டில் நடைமுறைக்கு வந்த அரசியலமைப்பின் 17ஆம் பிரிவு தீண்டாமையை ஒழித்தது. ஊர்களின் கை அதற்கு இன்னும் முழுமையாகக் கீழ்ப்படியவில்லை. திருச்சபையின் கல்லறைத் தோட்டங்களையும் பந்திகளையும் அறிந்தவர்கள், நாம் இதை வெளியாரைப் பற்றி மட்டும் எழுதவில்லை என்பதை அறிவர். விலங்கின் நெபெஷை அறிவதும் அந்நியனின் நெபெஷை அறிவதும் ஒரே வினையால் சொல்லப்பட்டதை மேலே கண்டோம். ஒன்றை அறிந்து மற்றதை மறுத்த நாட்டில் அவ்விரு வசனங்களும் சேர்ந்தே வாசிக்கப்பட வேண்டும்.

ஊழியத்தில்

மேலைநாடுகளில் வளர்ப்பு விலங்குகளைப் பற்றிய மருத்துவச் செய்திகள் பல வெளிவருகின்றன. 1980ஆம் ஆண்டில் வந்த ஓர் அமெரிக்க ஆய்வை அருளுரைகளில் எடுத்துக்காட்டுவோர் உண்டு: இதய நோயாளிகள் 92 பேரில், விலங்கு வளர்த்த 53 பேருள் ஓராண்டுக்குள் இறந்தவர் 3 பேர், வளர்க்காத 39 பேருள் 11 பேர். எண்கள் சிறியவை, நாயை வளர்ப்பவர் நடக்கவும் செய்வார் என்பதையும் மறக்கலாகாது. ஆயுள் நீளும் என்று மேடையில் முழங்க இது போதாது. ஆயருக்கு வேண்டியது வேறு.

நாம் கிராமச் சேகரம் ஒன்றில் ஊழியம் செய்த காலத்தில், கைம்பெண் ஒருவரின் பசு இறந்தது. நாம் சென்றிருந்தபொழுது அண்டை வீட்டார் பால்காசு போயிற்றே என்று தேற்றிக்கொண்டிருந்தனர். அவர் அதைக் காதில் வாங்கவில்லை. "விடியக்காலம் நாலு மணிக்கு முழிப்பு வந்துருதுங்கய்யா, இந்தக் கைய என்ன செய்யறதுன்னு தெரியல" என்றார். அவர் இழந்தது வருவாயை மட்டும் அன்று. இருபது ஆண்டுகளாக வேறெவரும் தொடாத ஒரு கையைத் தினந்தோறும் இரண்டு வேளை ஓர் உயிர் ஏற்றுக்கொண்டிருந்தது. இத்துயரத்துக்கு நம் வழிபாட்டு ஒழுங்குகளில் மன்றாட்டு ஒன்றும் நாம் கண்டதில்லை. அன்று யாத்திராகமத்தின் ஓய்வுநாள் கட்டளையில் எருதும் இடம்பெறுவதை மட்டும் வாசித்துவிட்டு உட்கார்ந்திருந்தோம்.

கை வைத்தல் எல்லாருக்கும் ஆறுதலாகும் என்று எண்ணுவதும் தவறு. மன இறுக்கம் உடைய சிலருக்கு மனிதரின் அணைப்பு தாங்கமுடியாத வேதனை. 1947ஆம் ஆண்டில் பிறந்த டெம்பிள் கிராண்டின் என்னும் அமெரிக்கப் பெண்மணி அத்தகையவர். அரிசோனாவில் தம் அத்தையின் பண்ணையில், ஊசி போடுவதற்காக மாடுகளை இரு பக்கப் பலகைகளுக்கு இடையே அணைத்து நிறுத்தும் பட்டியைக் கண்டார். அதன் சீரான அழுத்தத்தில் மாடுகள் அமைதியடைவதைக் கவனித்தார். தமக்கும் அத்தகைய ஒன்றைச் செய்துகொண்டார். அழுத்தத்தின் அளவும் நேரமும் அவர் கையிலேயே இருந்தன. அதனால் அது ஆறுதலாயிற்று. பின்னாளில் கால்நடைகளை அச்சுறுத்தாமல் கையாளும் அமைப்புகளை வடிவமைப்பதில் பெயர்பெற்ற அறிஞரானார். மனிதரிடம் பெற முடியாததை மாட்டுப்பட்டியில் கற்றவர் அவர். நோயாளியின் தலைமேல் கை வைக்குமுன் கேட்பதற்குக் கற்றுக்கொள்ளாத ஆயர் அவரிடம் பாடம் கேட்கலாம்.

அறுப்பின் பண்டிகை நாட்களில் நம் ஆலய வளாகங்களில் ஆடும் சேவலும் காணிக்கையாக வருகின்றன. மரத்தடியில் கட்டப்படுகின்றன, ஆராதனை முடிந்ததும் ஏலம். கணக்கர் தொகையைப் பார்க்கிறார், கேட்பவர் எடையைப் பார்க்கிறார். ஆயர் பெரும்பாலும் ஆலயத்துக்குள்ளேயே இருக்கிறார். குட்டியாக வந்த நாள் முதல் அதை வளர்த்த சிறுவனோ சிறுமியோ அந்த மரத்தடியில்தான் நிற்பது வழக்கம், ஒரு கை ஆட்டின் கழுத்தில். ஏலம் தொடங்குமுன் ஆயர் அங்கே சென்று, அந்தப் பிள்ளையின் பெயரையும் ஆட்டின் பெயரையும் கேட்டறிந்து, பிள்ளையின் கை இருக்கும் இடத்தருகே தம் கையையும் வைத்து ஒரு சிறு மன்றாட்டு ஏறெடுக்கலாம். ஐந்து நிமிடத்துக்குமேல் ஆகாது. ஆட்டுக்குப் பெயர் இல்லாத வீடு அரிது.